பெயர் மாறி வந்த படம்

மகபூப்நகர் தியேட்டரில், ஒரு பழைய இந்திக் காதல் படம் புதுத் தெலுங்குப் பெயரோடு ஓடியது.

"இப்ப அவளை விட்டுட்டு ரயில் போயிடும் மாமா," என்றாள் பாலமணி. ரயில் போயிற்று.

அவள் கணவன் யாதய்யாவுக்குச் சுருக்கென்றது. "இந்தியிலேயே பாத்துட்டியா?"

"ம். பம்பாயில, கட்டட வேலைக்குப் போனப்ப."

பம்பாயில் ஒரு படம்கூடப் பார்த்த நினைவில்லை அவனுக்கு.

"யாரோட போன?" எழுந்தே விட்டான்.

"உக்காரு. கல்யாணமான புதுசுல நீதான் கூட்டிட்டுப் போன. நாளெல்லாம் செங்கல் சுமந்த அலுப்பு. பேர் போடும்போதே என் தோள்ல சாஞ்சு தூங்கிட்ட. எழுப்ப மனசு வரல."

யாதய்யா உட்கார்ந்தான். "கடைசில ரெண்டு பேரும் சேருவாங்களா?" என்று மெல்லக் கேட்டான்.

"முழிச்சிருந்து பாரு," என்று சொல்லி, இந்த முறை அவள் அவன் தோளில் சாய்ந்துகொண்டாள்.