மூன்றாம் பாட்டில் ஒரு காகம்

அகதிகள் அலுவலக அதிகாரி மேசை லாச்சியைத் திறந்து அந்த இசைத்தட்டை எடுத்து மேலே வைத்தபோது சில்வெஸ்டருக்கு முதலில் பெருமையாகத்தான் இருந்தது.

அடித்ததே ஐந்நூறு தட்டு. அதில் ஒன்று அரசாங்க அலுவலகம் வரைக்கும் வந்துவிட்டதே.

அதிகாரி அட்டையைத் திருப்பிப் பின்பக்கத்தில் ஒரு வரியின் மேல் விரலை வைத்தார். ‘யாழ்ப்பாணத்தில் பதிவானது, ஏப்ரல் 2023.’

பெருமை அந்த இடத்திலேயே செத்தது.

பக்கத்து நாற்காலியில் மக்டலீன் இருந்தாள். கிழமை நாட்களில் மருத்துவமனையில் துப்புரவு வேலை, ஞாயிற்றுக்கிழமை தேவாலயத்தில் தமிழ்ப் பூசையில் பாட்டு. அந்தக் குரலைக் கேட்டுக் கிறங்கித்தான் சில்வெஸ்டர் ஜெர்மனியின் டோர்ட்மண்டில் சொந்தமாக, ‘சோல்’ என்கிற உருக்கமான கறுப்பினப் பாட்டு வகைக்கு ஒரு இசைத்தட்டுக் கம்பெனி தொடங்கினார். ஒரு பாடகி, ஒரு நிலவறை, ஒரு பழைய நாடாப் பதிவுக் கருவி. அவ்வளவுதான் கம்பெனி.

மக்டலீன் அகதி. ஊருக்குப் போய்வந்தாள் என்று முடிவானால் அந்த அந்தஸ்து போய்விடும். திருப்பி அனுப்பினாலும் அனுப்புவார்கள்.

“அண்ணை, உங்கடை கெல்லர் நிலவறைக்குள்ளைதானே பாடினனான். சொல்லுங்கோவன்,” என்றாள்.

சொன்னார். தட்டுச் சேர்க்கிறவர்களுக்குத் தூரத்து ஊர் என்றால் உயிர், அதனால் ஆசைப்பட்டு எழுதிய பொய் அது என்று ஒளிக்காமல் சொன்னார். நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். இந்த மனிதர் அட்டையால் கெட்டார். அதுவும் தான் மட்டும் கெட்டிருந்தால் பரவாயில்லை.

டோர்ட்மண்டில் பாடியதற்கு ஆதாரம் உண்டா என்று அதிகாரி கேட்டார். மரியாதையாகத்தான் கேட்டார்.

ஒன்று இருந்தது. மூன்றாம் பாட்டின் நடுவே, வீதியில் போன ட்ராமின் மணிச் சத்தம் விழுந்திருந்தது. யாழ்ப்பாணத்தில் ஏது ட்ராம் என்று மூன்று நாள் மினக்கெட்டு அதை வெட்டி எறிந்தவர் இதே சில்வெஸ்டர்தான். மூல நாடாவையும் வைத்திருக்கவில்லை. அதன் மேலேயே அடுத்த பாட்டைப் பதிந்துவிட்டார்.

அதிகாரி கணினியில் மூன்றாம் பாட்டைப் போட்டார். மக்டலீன் மூச்செடுக்கிற இடைவெளியில் ஒரு காகம் கத்தியது. ஜெர்மன் காகம் அப்படிக் கத்தாது.

அது நான் யாழ்ப்பாணத்தில் போனில் பிடித்துவந்த சத்தம், நான் தனியாகத்தான் போனேன் என்று சில்வெஸ்டர் அவசரமாகக் கடவுச்சீட்டை எடுத்து நீட்டினார்.

கொழும்பு விமான நிலைய முத்திரை, ஏப்ரல் 2023. அதைப் பார்த்துத்தானே அட்டையில் மாதம் போட்டிருந்தார். அதிகாரி அட்டையையும் கடவுச்சீட்டையும் பக்கத்துப் பக்கத்தில் வைத்துக் குறிப்பெடுத்தார்.

காகமும் விற்பனைக்காகத்தானா என்று கேட்டார்.

சில்வெஸ்டர் மக்டலீனைப் பார்த்தார். அவள் மடியில் கிடந்த தன் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

மற்றதெல்லாம் விற்பனைக்குத்தான். காகம் அப்படியில்லை. அவர் பயணம் புறப்பட்ட அன்று, வாசலில் நின்று அவள் கேட்டது அது.

“எனக்குத்தான் போக ஏலாது. எங்கடை வீட்டு வளவிலை காகம் கத்திறதையெண்டாலும் பிடிச்சுக்கொண்டு வாங்கோ அண்ணை.”

அதை அவர் அதிகாரியிடம் ஜெர்மன் மொழியில் சொன்னார். சொல்லும்போது அவர் காதுக்கே அது பொய்யாகக் கேட்டது.