சத்தமா அரைக்கிற மெஷின்

“இதைவிடச் சத்தமா அரைக்கிறது ஏதாவது இருக்கா?”

மனைவி கேட்ட கேள்வியில் பேங்க் காஷியருக்குக் கூச்சமாகப் போய்விட்டது. தனக்குத்தான் தப்பாகக் கேட்டுவிட்டதோ என்று கடைக்காரப் பெண் அவர் முகத்தைப் பார்த்தாள். அவர் பார்வையைத் திருப்பிக்கொண்டு, பக்கத்தில் இருந்த வாஷிங் மெஷினின் கதவைச் சும்மா திறந்து மூடினார்.

பாவம் அந்தப் பெண். காபிக்கொட்டையை மேலே கொட்டி, தண்ணீரைப் பின்னால் ஊற்றி, பட்டனைத் தட்டினால் போதும், அரைத்து, இறக்கி, பாலை நுரைத்து, கப்பில் காபியாகவே வந்து விழும் என்று மூச்சுவிடாமல் சொல்லிக்கொண்டிருந்தாள். பக்கத்தில் தொட்டில் இருந்தால்கூடக் குழந்தை புரண்டு படுக்காதாம். எந்த மெஷினைக் காட்டினாலும் அங்கே வந்துதான் முடிப்பாள்.

அங்கே வந்ததும் மனைவி வேண்டாம் என்று தலையாட்டுவாள்.

காஷியர் மெஷின் வாங்கக் கிளம்பி வந்ததே அந்தத் தொட்டில் அமைதிக்காகத்தான். அவர் வீட்டில் பொழுது விடிவதே மிக்ஸியில் காபிக்கொட்டை அரைபடும் சத்தத்தோடு. மாடியில் மிக்ஸி கத்தினால், கீழ் வீட்டில் ரிட்டயர்டான ஹெட்மிஸ்ட்ரஸ் அம்மா ஒட்டடைக் கம்பை எடுத்துத் தன் சீலிங்கை டொக், டொக் என்று இடிப்பார். அந்த இடி விழுந்த பிறகுதான் இவள் காபி குடிக்கவே உட்காருவாள். அடுத்தவரைக் கிளப்பிவிட்டுக் குடித்தால்தான் இவளுக்குக் காபி இனிக்கும்போல என்று அவர் நினைத்துக்கொள்வார்.

படிக்கட்டில் அகப்படுவது மட்டும் எப்போதும் காஷியர். பெண்டாட்டியையே அடக்கத் தெரியாதவர் பேங்குக்குப் போய் என்னத்தைக் கட்டிக் காக்கிறார் என்று அந்தம்மா கேட்காத நாளில்லை. இந்த மெஷின் வந்த பிறகாவது அந்தப் படிக்கட்டில் தலைநிமிர்ந்து இறங்கலாம் என்று இருந்தார்.

வேறு வழியில்லாமல் கடைக்காரப் பெண், மூலையில் கிடந்த பழைய மாடல் ஒன்றைக் காட்டினாள். யாரும் கேட்பதில்லையாம். கொஞ்சம் கரகரக்குமாம்.

பட்டனைத் தட்டியதும் அது போட்ட உறுமலில், எதிர் வரிசையில் டிவி பார்த்துக்கொண்டிருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். மனைவி தலையைச் சாய்த்து, பிடித்த பாட்டைக் கேட்பவள் மாதிரி முழுசாகக் கேட்டாள்.

“இதையே பேக் பண்ணிடுங்க.”

காஷியர் பல்லைக் கடித்துக்கொண்டார். “அந்தம்மா மேல உனக்கு என்னதான் கோபம்? வயசானவங்க, தனியா கிடக்கிறாங்க. மனசாட்சின்னு ஒண்ணு வேணாமா?”

“காபி எனக்கு, காது அவங்களுக்கு. நடுவுல உங்களுக்கு என்னங்க வலிக்குது?”

அதற்குமேல் பேசினால் கடையே வேடிக்கை பார்க்கும். பணத்தைக் கட்டினார். வீடு வரைக்கும் அட்டைப்பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு, நாளைக்குப் படிக்கட்டில் என்னவெல்லாம் வாங்கிக் கட்டிக்கொள்ளப்போகிறோம் என்று ஒத்திகை பார்த்தபடியே வந்தார். அவளோ கோப்பை ஜெயித்தவள் மாதிரி நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள்.

மறுநாள் விடிந்தது. மிக்ஸியை அலமாரிக்குள் தள்ளியாயிற்று. புது மெஷின் உறுமியது. கப்பில் நுரை ததும்பியது. வாசனையே போய்க் காஷியரைக் கட்டிலிலிருந்து எழுப்பிக் கூட்டிவந்தது.

கீழே இருந்து சத்தமே இல்லை.

அவர் ஒரு வாய் குடித்தார். சும்மா சொல்லக்கூடாது, அப்படி ஒரு காபி. அந்தச் சந்தோஷத்தில் கொஞ்சம் எகத்தாளமும் சேர்ந்துகொண்டது.

“கம்பைக் கீழே போட்டுட்டாங்க. ஜெயிச்சுட்டே, போ.”

மனைவி சிரிக்கவில்லை. தன் கப்பைத் தொடக்கூட இல்லை. மறுபடி பட்டனைத் தட்டினாள். மெஷின் மறுபடி உறுமியது. தரையைப் பார்த்தபடி காதைத் தீட்டிக்கொண்டு நின்றாள். முகம் வெளுத்துக்கொண்டே வந்தது.

“ஏங்க, தட்டலையே.”

“தட்டாட்டி நல்லதுதானே?”

“போன மழைக்காலத்துல பாத்ரூம்ல வழுக்கி விழுந்து மத்தியானம் வரைக்கும் அப்படியே கிடந்தாங்க. ஒருத்தருக்கும் தெரியல. நான் போய் எட்டிப் பார்த்தா, எனக்கு யாரும் காவல் வேணாம்னு கதவைச் சாத்திடறாங்க. அதான் மிக்ஸியைப் போட ஆரம்பிச்சேன். திட்டறதுக்காவது எந்திரிப்பாங்க இல்ல? தட்டிட்டாங்கன்னா, இன்னைக்கு நல்லா இருக்காங்கன்னு அர்த்தம்.”

சொல்லிக்கொண்டே அவள் செருப்புகூட மாட்டாமல் வெளியே ஓடிவிட்டாள். காஷியர் கப்பும் கையுமாகப் பின்னாலேயே ஓடினார்.

படிக்கட்டுத் திருப்பத்தில் முட்டிக்கொள்ளாத குறை. ஹெட்மிஸ்ட்ரஸ் அம்மா ஒரு கையால் கைப்பிடிச் சுவரைப் பிடித்து, இன்னொரு கையால் ஒட்டடைக் கம்பை ஊன்றி, மூச்சு வாங்க மேலே ஏறி வந்துகொண்டிருந்தார்.

மனைவிக்குப் போன உயிர் திரும்பி வந்தது. வந்த உடனே வாயும் வந்துவிட்டது.

“சீலிங்கை விட்டுட்டு நேரா என்னையே இடிக்க வந்துட்டீங்களா டீச்சர்?”

அந்தம்மா அவளை உச்சியிலிருந்து கால் வரைக்கும் ஒருதரம் பார்த்தார். கம்பைச் சுவரில் சாய்த்துவிட்டு, அப்பாடா என்று படியிலேயே உட்கார்ந்தார்.

“நல்லாத்தானே இருக்கே? என்னமோ வாசல்ல லாரி நிக்கிற மாதிரி சத்தம் வருது, உன் மிக்ஸியை மட்டும் காணோம். அது கேட்டாத்தாண்டி, மேலே நீ நல்லபடியா எந்திரிச்சுட்டேன்னு ரெண்டு தட்டு தட்டிட்டு நான் என் வேலையைப் பார்ப்பேன்.”