முதல் வினை போதும்

ஓசூரில் எங்கள் வீட்டில் நான் தமிழ், முனிரத்தினம் தெலுங்கு. அரசு தந்த காதுக்கருவி மொழிபெயர்த்துச் சொல்லிவிடும் என்பதால் கல்யாணமாகி ஆறு வருடத்தில் ஒருவர் மொழியை மற்றவர் கற்கவேயில்லை.

மொழிச் சீரமைப்பு அலுவலகத்தில் கருவிப் பேச்சைச் சுருக்குவது என் வேலை. "'பார்த்துவிட்டு வந்தேன்' எதற்கு? 'பார்த்தேன்' போதும். இரண்டு வினை சேர்ந்து வந்தால் முதல் வினையை மட்டும் கடத்தவும்" என்று ஒரு கோப்பில் எழுதினேன். எல்லா மொழிகளுக்கும் அதுவே உத்தரவானது.

ஆடி மாதம் ஒரு காலையில் எங்களுக்குள் பெரிய சண்டை. பையோடு வாசலில் நின்று முனிரத்தினம் ஏதோ சொன்னான். "போகிறேன்" என்று என் காதில் விழுந்தது. வாசலில் நின்று யாராவது அப்படிச் சொல்வார்களா? கோபத்தை விழுங்கிக்கொண்டு பதில் சொன்னேன். அவன் என்னையே பார்த்தான். பிறகு படியிறங்கினான். திரும்பி வரவேயில்லை.

மூன்று மாதம் கழித்து நேற்றுதான் கருவிகளின் அன்றைய மூலப் பதிவு கிடைத்தது. அலுவலகத்தில் தெலுங்கு தெரிந்த நாகமணியைக் கேட்கச் சொன்னேன்.

"போயிட்டு வர்றேன்னுதான் மேடம் சொல்றாரு. உத்தரவு அன்னிக்குத்தான் அமலுக்கு வந்திருக்கு. நீங்க என்ன சொன்னீங்க?"

"போயிட்டு வான்னு சொன்னேன்."

நாகமணி அவன் காதில் விழுந்ததைப் போட்டாள். தெலுங்கிலும் அதே சொல்தான். எனக்கே புரிந்தது.

"போ."