காலரில் ஒரு சிவப்புத் தையல்

என் மூளையில் முகங்களை அடையாளம் காணும் இடத்தை, துணியில் பிழை பார்க்கும்படி கம்பெனி மாற்றிக்கொடுத்து மூன்று வருஷமாகிறது. திருப்பூரில் செக்கிங் வேலைக்கு இப்போது அப்படித்தான் எடுக்கிறார்கள். ஒரு தையல் விட்டிருந்தாலும் பத்தடி தள்ளியே பிடித்துவிடுவேன். முகம்தான் யாருடையதும் மனதில் நிற்காது. பள்ளி வாசலில் என் மகள் தமயந்தியை, அவள் யூனிபார்ம் காலரில் நான் போட்ட சிவப்புத் தையலை வைத்துத்தான் கண்டுபிடிப்பேன்.

இன்று பள்ளி வேன் கவிழ்ந்துவிட்டது. ஆஸ்பத்திரியில் ஆறு சிறுமிகள் நினைவில்லாமல் கிடந்தார்கள். எல்லோருக்கும் ஒரே பச்சை கவுன்.

"இதுல உங்க பொண்ணு யாருங்க? எல்லாருக்கும் உடனே ஆபரேஷன் பண்ணணும், கையெழுத்துப் போடணும்" என்றாள் நர்ஸ்.

"யூனிபார்மெல்லாம் எங்கீங்க?"

"வெட்டி எடுத்துக் குப்பையில போட்டாச்சு. மூஞ்சியப் பாத்துச் சொல்லுங்கம்மா."

கட்டில் கட்டிலாக ஓடினேன். "தமயந்தி, ஒருக்கா அம்மான்னு கூப்புடு சாமி." மறுபடியும் முதல் கட்டிலிலிருந்து ஒவ்வொரு முகமாகக் குனிந்து பார்த்துக்கொண்டே போனேன்.

நான்காவது கட்டிலில் என் கண்ணில் பட்டது, கவுனின் தோளில் விட்டுப்போயிருந்த இரண்டு தையல் மட்டும்தான்.