காலுக்குப் பேரம்

மொட்டைத் தலை, முழங்காலைத் தாண்டித் தொங்கும் யாருடையதோ சட்டை, பக்கத்தில் ஊன்றி நடக்க ஒரு கட்டை. வேப்பமரத்தடியில் உட்கார்ந்து அஞ்சாங்கல் ஆடிக்கொண்டிருந்த குழந்தையைப் பார்த்ததுமே, பையன்தான், பாதி வேலை முடிந்தது என்று கோவர்த்தனனுக்குத் தெம்பு வந்துவிட்டது. ஓடியாட முடியாதவன், பாவம், வேறென்ன ஆடுவான்?

சித்தூர் பஸ் முதலாளி ஒருவரிடம் ஏஜெண்டு வேலை அவருக்கு. முதலாளியின் பஸ் திருத்தணிப் பக்கம் தறிகெட்டு ஓடி, சாலையோரம் நின்ற முனிரத்தினத்தின் குழந்தை மேல் ஏறி மூன்று மாதம் ஆகிறது. வலது கால் முழங்காலோடு போய்விட்டது. உயிர் பிழைத்ததற்காகப் போன வாரம்தான் திருமலைக்குத் தூக்கிப் போய் முடி இறக்கிக்கொண்டு வந்திருந்தார்கள்.

கோர்ட்டுக்குப் போகாமல் முடி, மூவாயிரத்தைத் தாண்டாதே என்று சொல்லி அனுப்பியிருந்தார் முதலாளி. அதில் எவ்வளவு மிச்சம் பிடிக்கிறாரோ, அவ்வளவு நல்ல பெயர் கோவர்த்தனனுக்கு.

முனிரத்தினம் மூவாயிரம்தான் கேட்டார். மெட்ராஸில் கட்டைக்கால் செய்து மாட்டுகிறார்களாம், பிள்ளை வளர வளர அதை மாற்ற வேண்டுமாம், ஒரு தடவையோடு தீருகிற செலவு இல்லை என்றார். அவர் மனைவி ஜெயம்மாவின் காதில் கம்மல் இருந்த இடத்தில் ஈர்க்குச்சி இருந்தது. கோவர்த்தனனுக்கும் மனசு கஷ்டமாகத்தான் இருந்தது. ஆனால் அதையெல்லாம் பார்த்தால் ஏஜெண்டு வேலை பார்க்க முடியுமா?

சித்தூர் இருக்கிற ராஜ்யத்துக்கும் மெட்ராஸ் ராஜ்யத்துக்கும் நடுவே எல்லைக்கோடு மாறப்போகிறது என்று பேப்பரெல்லாம் அதே பேச்சாக இருந்த நேரம் அது. முதலில் அதைக் காட்டிப் பயமுறுத்தினார்.

"திருத்தணி மெட்ராஸோட போவப் போவுது. அப்புறம் உன் கேசு சித்தூரா, செங்கல்பட்டான்னு ஜட்ஜுக்கே தெரியாது. ரெண்டு ஊருக்கும் அலைஞ்சிக்கினு கிடக்கணும். ஆயிரம் தரேன், வாங்கிக்கோ."

முனிரத்தினம் மசியவில்லை. நடுவில் இருந்து பேச வந்திருந்த கிராம முன்சீப்பு வீராசாமியும், ஆயிரம் ரொம்பக் கம்மி என்றார்.

கோவர்த்தனன் பேச்சைத் திருப்பினார். ஆம்பளைப் பையனுக்குக் கால் போனால் என்ன, கை இருக்கிறது, திருப்பதியில் ஒரு வாட்ச் ரிப்பேர் கடை போட்டு உட்கார்ந்தால் ராஜா மாதிரி இருப்பான், பெண் கொடுக்க வரிசையில் நிற்பார்கள் என்று அளந்தார். முனிரத்தினம் என்னவோ சொல்ல வாயைத் திறந்தார். ஜெயம்மா, சாருக்கு மோர் கொண்டுவரச் சொல்லி அவரை உள்ளே அனுப்பிவிட்டாள்.

வீட்டுக்காரி வழிக்கு வந்துவிட்டாள் என்று கோவர்த்தனனுக்கு ஒரே குஷி. அந்தக் குஷியில் வாய் தாராளமாகிவிட்டது.

"நான் ஞாயம் தெரியாதவன் இல்லம்மா. இதே பொட்டப் புள்ளையா இருந்து கால் போயிருந்தா, யாரு கட்டிக்கினு போவா? பேசாம மூவாயிரத்தையும் எண்ணி வச்சிட்டு எழுந்து போயிருப்பேன்."

சொல்லும்போது எல்லாரும் அப்படித்தான் சொல்வார்கள், கொடுக்கும்போதுதான் பேச்சு மாறும் என்றாள் ஜெயம்மா.

கோவர்த்தனனுக்கு ரோஷம் வந்துவிட்டது. எழுந்து நின்று, திருமலை இருக்கும் திசை பார்த்துக் கைகூப்பி, பெண் பிள்ளையாக இருந்தால் மூவாயிரத்தில் ஒரு ரூபாய் குறைக்கமாட்டேன், ஏழுமலையான் மேல் ஆணை என்று முன்சீப்பு எதிரிலேயே சத்தியம் செய்தார். ஏழுமலையான் மேல் சத்தியம் செய்துவிட்டுப் பேச்சு மாறியவன் அந்தப் பக்கத்தில் தலைகாட்ட முடியாது. அவன் முதலாளியின் பஸ்ஸில் ஏறவும் ஆள் இருக்காது. முன்சீப்புக்கு ஏனோ திடீரென்று இருமல் வந்து, துண்டால் வாயைப் பொத்திக்கொண்டார்.

கோவர்த்தனன் பையிலிருந்து ஸ்டாம்பு பேப்பரை எடுத்து விரித்தார். பேனா மூடியைத் திருகியபடியே, பையன் பேர் என்னம்மா என்று கேட்டார்.

மூன்று மாதத்துக்குப் பிறகு முதல் தடவையாக ஜெயம்மாவுக்குச் சிரிப்பு வந்தது.

"எழுதிக்குங்க சார், எம் பொண்ணு பேரு யசோதா."