பொது மேய்க்கால்

"ஊரே ஒரகடம் ரோட்டுல குந்திகினு கீது. நீ மட்டும் வூட்ல படுத்துகினு கீறியா?"

குடிசை வாசலில் நின்று கத்தினார் போராட்டத் தலைவர் நடேசன். ஊர் மேய்க்கால் நிலத்தில் ஏதோ கம்பெனி வரப்போகிறதாம். வேலி போட அதிகாரிகள் லாரியோடு வந்து நிற்கிறார்கள்.

கங்கம்மாள் அலுப்போடு எழுந்தாள். காலனிப் பக்கம் நடேசன் தலை காட்டியதே அதிசயம்தான்.

"ரெண்டு நாளா ஆடுங்க அரைவயிறுங்க. நான் அதுங்களைப் பாக்கறதா, போராட்டத்தைப் பாக்கறதா?"

"ஆடு வெச்சிருக்கிறவளே இப்டிப் பேசினா எப்டி? அந்த நிலம் உனக்கும் எனக்கும் பொது இல்லியா?"

"எனக்குமாங்க?"

"பின்ன? ஊருக்கே பொது! பொம்பளைங்க முன்னால குந்தினாதான் போலீஸ் கை வெக்காது. கெளம்பு கெளம்பு."

போனாள். முன்வரிசையிலேயே உட்கார வைத்தார்கள். தார் ரோடு கொதித்தது. இடுப்பு விட்டுப்போனது. 'வேலி போடாதே' என்று கத்திக் கத்தித் தொண்டையும் போச்சு.

மத்தியானம் அதிகாரி ஜீப்பிலிருந்து இறங்கினார்.

"சும்மாக் கெடக்குற தரிசுன்னு சொன்னாங்களே! இங்க யாரு மேய்க்கறா?" சுற்றிலும் பார்த்தவர் கங்கம்மாளிடம் திரும்பினார். "நீ சொல்லும்மா, உன் ஆடு எங்க மேயுது?"

நடேசன் அவளையே பார்த்தார்.

"இங்கதாங்க! இது போச்சுன்னா அதுங்களோட நானும் சாவ வேண்டியதுதான்."

சொல்லும்போதே ஓவென்று அழுதுவிட்டாள். அந்த அழுகை மட்டும் நிஜம்.

அதிகாரி தலையைச் சொறிந்தார். "சரி, கலெக்டர்கிட்ட பேசறேன். அதுவரைக்கும் வேலி போடல."

லாரி திரும்பியது. விசில் பறந்தது.

"கங்கம்மாதான்யா ஜெயிக்க வெச்சா!" நடேசனே சோடா உடைத்துக் கொடுத்தார்.

மறுநாள் காலை. உடம்பெல்லாம் அடித்துப் போட்டதுபோல வலி. இருந்தாலும் மனசு கேட்கவில்லை. பிறந்ததிலிருந்து முதல்முறையாக மேய்க்காலுக்குள் ஆடுகளை ஓட்டிக்கொண்டு நுழைந்தாள் கங்கம்மாள். பசியில் அவை பாய்ந்து ஓடின.

அங்கே எருமை மேய்த்துக்கொண்டிருந்த நடேசன் கோலைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்தார்.

"ஏய், இன்னா இது புதுப் பழக்கம்? காலனி ஆட்டுக்கு இங்க இன்னா வேலை?"

"நீங்கதானே ஐயா, எனக்கும் பொதுன்னு..."

"அது நேத்து பேச்சும்மா. எப்பவும்போல ரோட்டோரமா ஓட்டிகினு போ. திரும்ப வேலி போட வந்தாங்கன்னா சொல்லி அனுப்பறேன், அப்ப வா!"