ஒன்பதாம் தேதி முத்திரை

"இன்னைக்கு என்ன தேதிம்மா?"

"பன்னிரண்டு சார்" என்றார் நூலகர்.

"அப்போ இதுல ஏன் ஒன்பதுன்னு குத்தியிருக்கீங்க?"

மேசைமேல் இருந்த அட்டையை விரலால் தொட்டுக் காட்டினார் ஓய்வுபெற்ற ஸ்டேஷன் மாஸ்டர். அட்டை அவருடையதல்ல. வரிசையில் அவருக்கு முன்னால் நின்ற லாரி டிரைவருடையது.

தேதி முத்திரை இன்னும் நூலகர் கையிலேயே இருந்தது.

"நான் பார்த்துக்கிட்டுத்தான் நின்னேன். முத்திரையோட தேதிச் சக்கரத்தை மூணு பல் பின்னால திருப்பினீங்க. குத்தினீங்க. திரும்பவும் முன்னால கொண்டு வந்தீங்க."

டிரைவர் திருப்பிக் கொடுத்த புத்தகம் பக்கத்தில் கிடந்தது. காலத்தில் பின்னோக்கி ஓடும் ஒரு ரயிலைப் பற்றிய நாவல், இரண்டாம் பாகம். ஒன்பதாம் தேதி வந்திருக்க வேண்டியது. முதல் பாகத்தை முடித்துவிட்டு, ஸ்டேஷன் மாஸ்டர் இதற்காக மூன்று நாளாக நடையாய் நடந்துகொண்டிருந்தார்.

"கதையிலதான் ரயில் பின்னால போகுதுன்னு நினைச்சேன். இங்க ஆபீஸ் முத்திரையே போகுது."

டிரைவர் குறுக்கே வந்தார். "தப்பு என்னோடது சார். சரக்கு இறக்க ஆளில்லாம கிடங்கு வாசல்லயே மூணு நாள் நிறுத்திட்டாங்க."

"ஏற்கெனவே எத்தனை தடவைப்பா லேட்டு?"

"ரெண்டு."

"இதோட மூணு."

விதிகள் சுவரில் ஒட்டியிருந்தன. ஸ்டேஷன் மாஸ்டர் திரும்பிப் பார்க்காமலே சொன்னார்: "மூணு தடவை தாமதமானா அட்டை ரத்து. ஒரே தடவையில பத்து நாள் தாண்டினாலும் ரத்து. யாருக்கும் விலக்கு கிடையாது. சரிதானேம்மா?"

"சரிதான் சார்."

"பிறகு?"

"வண்டியை நிறுத்தச் சொல்ற இடத்துல எல்லாம் இவருக்குப் புத்தகம்தான் சார் துணை. வெளியூர்க்காரர். இந்த அட்டை போனா வேற எங்கேயும் கிடைக்காது."

"அட்டை போச்சுன்னா பேச்சுத்துணைக்கு எனக்கு ஸ்டெப்னி டயர்தான்" என்றார் டிரைவர். யாரும் சிரிக்கவில்லை.

"முப்பத்தாறு வருஷம் ஸ்டேஷன்ல இருந்தேன்" என்றார் ஸ்டேஷன் மாஸ்டர். "ரயில் ஒரு நிமிஷம் லேட்டா வந்தாலும் லேட்டுன்னுதான் எழுதியிருக்கேன். எஞ்சின் டிரைவர் நல்லவரு, பாவம்னு மாத்தி எழுதினதில்லை. ஒரு வெள்ளைத்தாள் குடுங்கம்மா. மேலிடத்துக்கு எழுதணும்."

நூலகர் இழுப்பறையைத் திறந்து ஒரு தாளை எடுத்து வைத்தார். "எழுதினா எனக்கு வேலை போகும் சார்" என்றார். அவ்வளவுதான் சொன்னார்.

"என் அட்டையை வெட்டிடுங்க மேடம்" என்றார் டிரைவர். "எனக்காக நீங்க மாட்டிக்காதீங்க."

ஸ்டேஷன் மாஸ்டர் தாளின் மேல்மூலையில் தேதி போட்டார். பன்னிரண்டு. கீழே 'ஐயா' என்று எழுதினார். பிறகு பேனாவை வைத்துவிட்டுத் தன் பையிலிருந்து ரப்பர் பேண்ட் போட்ட சின்ன அட்டைக்கட்டு ஒன்றை எடுத்தார்.

"எழுதறதை ஆதாரத்தோட எழுதணும். இது என்னோட அட்டைங்க. நாலு. மொத்தம் நூத்தி எண்பத்தாறு புத்தகம். ஒரு நாள் தாமதம் கிடையாது. ஒழுங்கா இருக்க முடியும்னு அவங்களும் தெரிஞ்சுக்கட்டும்."

மூன்றாவது அட்டையை உருவி, டிரைவருக்குக் கேட்கும்படி வாசித்தார்.

"கேட்டுக்கோப்பா. மே ஏழு எடுத்தேன், மே இருபத்தொண்ணு திருப்பினேன். மே இருபத்தொண்ணு எடுத்தேன், ஜூன் நாலு திருப்பினேன். ஜூன் நாலு எடுத்தேன், ஜூன் பதினெட்டு..."

நிறுத்தினார்.

அந்த வரியில் இருந்தது ஒரு கடற்பயண நூல். மருத்துவமனையில் மனைவிக்குப் படித்துக் காட்டுவதற்காக எடுத்தது. ஜூன் பதினேழாம் தேதி சாயந்திரம் அந்த அம்மாள் இறந்துபோனார். பதினெட்டாம் தேதி ஸ்டேஷன் மாஸ்டர் வீட்டைவிட்டுப் போனது ஒரே ஓர் இடத்துக்குத்தான். அது நூலகம் இல்லை.

அட்டைகளைப் பலமுறை எண்ணியிருக்கிறார். அந்த ஒரு வரியை இதுவரை படித்ததில்லை. அதற்கு அடுத்த வரி அக்டோபரில்தான் தொடங்கியது.

கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு, மறுபடி போட்டுக்கொண்டு பார்த்தார். பதினெட்டுதான். முத்திரை தெளிவாக இருந்தது.

"இந்தப் புத்தகத்தை நான் என்னைக்கும்மா கொண்டு வந்தேன்?"

நூலகர் முத்திரையை மேசைமேல் வைத்தார்.

"ஜூலை நாலு சார்."

"பதினாறு நாள் லேட்டு."

"ஆமா சார்."

டிரைவருக்கு ஒன்றும் விளங்கவில்லை. இருவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தார்.

ஸ்டேஷன் மாஸ்டர் நாலு அட்டைகளையும் விளிம்பு சரிபார்த்து அடுக்கி ரப்பரைப் போட்டார். 'ஐயா' என்று எழுதிய தாளை நாலாக மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டார். பிறகு டிரைவரின் அட்டையை எடுத்துக் கண்ணுக்கு அருகே பிடித்துப் பார்த்துவிட்டு, நூலகரிடம் நீட்டினார்.

"ஒன்பது சரியா விழலை. நல்லா மையைத் தொட்டு, இன்னொரு தடவை அழுத்திக் குத்துங்கம்மா."